சாபா ஒரு நாள் ட்ரெக்: கைடு வேணுமா, நாமளே நடந்துரலாமா?

வழிப்போக்கன்
மக்களே, செப்டம்பர் ரெண்டாவது வாரம் வியட்நாம் போறோம், நான், வீட்டம்மா, ஏழாவது படிக்கிற பொண்ணு. ஹனோய்ல இருந்து ரெண்டு நைட் சாபாவுக்குன்னு ஒதுக்கி வச்சிருக்கேன், வடக்கு வியட்நாம் மலை ஊரு அது. ஒரு முழு நாள் அந்த படிக்கட்டு வயலுங்க நடுவுல நடக்கணும், அங்க இருக்கற ஹ்மாங்ங்கற மலைவாழ் மக்கள் ஊருங்கள பாக்கணும், வேற பெரிய பிளான் எதுவும் இல்ல. நெட்ல தேடினா எல்லா ஏஜென்ட்டும் ஒரே ரூட்டத்தான் விக்கறான், லாவ் சாய் போய் டா வான்ல மதிய சாப்பாடு, அப்புறம் வேன்ல திரும்ப டவுன். இதுக்கு கைடு கட்டாயமா, இல்ல போன்ல மேப்ப போட்டுக்கிட்டு நாமளே நடந்துரலாமா? அந்த மாசம் வயல் எப்படி இருக்கும்? இன்னொண்ணு, வீட்டம்மா சுத்த சைவம், முட்டை கூட தொட மாட்டாங்க. போனவங்க யாராச்சும் சொல்லுங்க.

சுள்ளான்
சாபாவா, ரொம்ப லேட் பாஸ். 2016ல பக்கத்துல ஃபான்சிபான் மலை உச்சிக்கு கேபிள் கார் வுட்டான், அன்னியோட அந்த ஊரு குளோஸ். எங்க பாத்தாலும் கிரேன், ஓட்டலு, கரோக்கே சவுண்டு. கேட் கேட்னு ஒரு கிராமம், டிக்கெட் வாங்கினாதான் உள்ளயே வுடுவான், உள்ள போனா ஹனோய்ல இருந்து வந்த பொண்ணுங்க ஹ்மாங் டிரஸ்ஸ வாடகைக்கு எடுத்து மாட்டிக்கினு போட்டோ புடிச்சினு இருக்கும். மு காங் சாய்னு இன்னொரு படிக்கட்டு வயல் ஊரு இருக்கு, பேசாம அங்க போய்டுங்க.

காடோடி
சுள்ளான் சொல்றது டவுனுக்கு சரி, பள்ளத்தாக்குக்கு சரி கிடையாது, ரெண்டையும் தனித்தனியா பாக்கணும். டவுன் 1,500 மீட்டருக்கு மேல இருக்கு, பிரெஞ்சுக்காரன் ஹனோய் வெயில் தாங்காம வந்து ஒதுங்கறதுக்கு உருவாக்கின மலை ஊரு, நடுவுல ஒரு கல் சர்ச் இன்னும் நிக்குது. அத சுத்தித்தான் இந்த ஓட்டல் கூத்தெல்லாம். கீழ முவாங் ஹுவா ஓடை ஓடற பள்ளத்தாக்கு இருக்கு பாருங்க, ட்ரெக் அங்கதான். டவுன்ல இருந்து இறங்கி இ லின் ஹோ, அப்புறம் லாவ் சாய், அப்புறம் டா வான். மொத்தம் ஒரு பத்து பன்னெண்டு கிலோமீட்டர், நின்னு நின்னு போட்டோ எடுத்து சாப்பிட்டு போனா அஞ்சாறு மணி நேரம் ஆகும். பெரும்பாலும் இறக்கம்தான், மூச்சு வாங்காது, ஆனா முட்டி பேசும். முதல் ரெண்டு ஊரும் கருப்பு ஹ்மாங், டா வான்ல ஸாய்ங்கற வேற இனம், அதையும் தாண்டி ஜாங் டா சாய் போனா சிவப்பு டாவோ மக்கள், தலையில சிவப்புத் துணி கட்டியிருப்பாங்க, தூரத்துல இருந்தே தெரியும். ஒரே பள்ளத்தாக்குல அரை நாள் நடைக்குள்ள மூணு இனம், மூணு பாஷை.

இப்ப மேப் விஷயம். மேப்ப போட்டா அது உங்கள ரோட்டுலதான் கூட்டிட்டு போகும். டவுன்ல இருந்து டா வான் வரைக்கும் பள்ளத்தாக்கு ஓரமாவே வண்டி ரோடு இருக்கு, லாரி போகும், பைக் போகும், புழுதி. அதுல நடந்துட்டு வந்து சாபா வேஸ்ட்னு சொல்றவங்க நிறைய பேர். உண்மையான வழி வரப்பு மேல, மூங்கில் தோப்புக்குள்ள, ஒருத்தர் வீட்டு கொல்லைப்பக்கம் பூந்து போகுது, அது எந்த மேப்புலயும் ஒழுங்கா இருக்காது. எருமைய ஓட்டிட்டுப் போற தடம் அது.

செங்கமலம்
காடோடி சொன்னதோட ஒண்ணு சேத்துக்கறேன். வழி காட்டறதுக்குன்னு பாத்தா கைடு இல்லாம கூட சமாளிச்சுரலாம், தொலைஞ்சா யாராவது கைய காட்டிருவாங்க. ஆனா ஒரு வீட்டுக்குள்ள போய் அடுப்படியில உக்காரணும்னா அந்த ஊர்க்காரங்க கூட போனாத்தான் நடக்கும். எங்களுக்கு வந்த அக்கா லாவ் சாய் பக்கம். சின்ன வயசுல டவுன்ல பை, வளையல்னு வித்துக்கிட்டே வெள்ளைக்காரங்க கிட்ட பேசிப் பேசி இங்கிலீஷ் கத்துக்கிட்டாங்களாம், பேச்சு அருவி மாதிரி, ஆனா எழுத படிக்க வராதுன்னு அவங்களே சிரிச்சுக்கிட்டே சொன்னாங்க. அங்க கைடு வேலை பாக்கற நிறைய பொம்பளைங்க கதை இதுதான்.

அவங்க சொந்தக்காரங்க வீட்டுக்கு கூட்டிட்டு போனாங்க. மரப்பலகை சுவரு, மண்ணு தரை, ஜன்னல்னு பெருசா எதுவும் இல்ல, புகை மேல போய் பரண்ல தொங்கற சோளக்கதிர கருப்பாக்கி வச்சிருக்கு, பூச்சி வராதாம். கதவுக்கு நேர் எதிர் சுவத்துல காகிதம் ஒட்டி கோழி இறகு ஒட்டியிருக்கும், அது முன்னோர் சாமி, அதத் தொடக்கூடாது. சில வீட்டு வாசல்ல பச்சை இலைக்கொத்து கட்டியிருப்பாங்க, அப்ப வெளி ஆளு உள்ள வரக்கூடாதுன்னு அர்த்தம், பிள்ளை பொறந்திருக்கலாம், ஏதாவது பூசை நடந்திருக்கலாம். நாமளே போனா இது எதுவும் தெரியாம தலைய நீட்டிருவோம். அப்புறம் ஓடைக்கரையில ஒரு மர உலக்கை இருந்துச்சு, ஒரு பக்கம் குழிவா தொட்டி, தண்ணி ரொம்பினதும் அந்தப் பக்கம் சாய்ஞ்சு கொட்டும், இந்தப் பக்கம் உலக்கை டொம்முனு நெல்லு மேல விழும். ஆளே வேணாம், ராத்திரி பூரா அதுபாட்டுக்கு குத்திட்டு கிடக்கும். என் வீட்டுக்காரரு ட்ரெக்க மறந்துட்டு அதையே பாத்துட்டு உக்காந்துட்டாரு.

சுள்ளான்
> அந்த ஊர்க்காரங்க கூட போனாத்தான் நடக்கும்

அக்கா, ஒருத்தர்னு காசு கட்டினா கூடவே நாலு பேரு கூடைய மாட்டிக்கினு வர்றாங்களே அத சொல்லலியே. டவுன்ல இருந்தே ஒட்டிக்குவாங்க, பேரு என்ன, எந்த ஊரு, எத்தினி புள்ளைங்கன்னு இங்கிலீஷ்ல கேட்டுக்கினே வருவாங்க, வழுக்கற இடத்துல கைய புடிச்சிப்பாங்க, ஃபெர்ன் இலைய மடிச்சி குதிரை பொம்மை செஞ்சி குடுப்பாங்க. நம்மாளும் ஐயோ எவ்ளோ பாசம்னு நெனச்சிப்பான். சாப்பாட்டு கடை வந்ததும் கூடைய தொறப்பாங்க பாரு, அப்பதான் தெரியும். வாங்கலன்னா மூஞ்சி போற போக்கு இருக்கே. எனக்கு அது செட் ஆவல.

செங்கமலம்
அது உண்மைதான், மறுக்கல. ஆனா மூணு மணி நேரம் உங்க கைய புடிச்சு சேத்துல இறக்கி விட்டவங்களுக்கு ஒரு லட்சம் ரெண்டு லட்சம் டாங் குடுக்கறதுல என்ன தம்பி போச்சு. நம்ம ஒரு ரூபாய்க்கு ஏறக்குறைய முந்நூறு டாங் வரும், கணக்கு போட்டுக்கோங்க. வேணாம்னா கிளம்பற இடத்துலயே சிரிச்ச முகத்தோட தெளிவா சொல்லிரணும், நான் வாங்க மாட்டேன், கூட வர வேணாம்னு. பாதி வழி வரைக்கும் கைய புடிச்சிட்டு போய்ட்டு அப்புறம் முறைக்கக் கூடாது.

வயக்காடு
நான் தஞ்சாவூர் பக்கம், வீட்ல இன்னும் நடவு நடக்குது, அந்தக் கண்ணோட போனவன். அவங்க ஏன் கூடைய தூக்கிட்டு பின்னாடி வராங்கங்கறதுக்கு பதில் அந்த வயல்லயே இருக்கு. அங்க வருசத்துக்கு ஒரு போகந்தான். குளிர் காலத்துல உறைபனி விழும், சில வருசம் பனிமழையே பெய்யுது, அதுல நெல்லு எங்க நிக்கும். மழை பிடிச்சு மே மாசம் தண்ணி கட்டி சேறடிச்சு, மே கடைசில இருந்து ஜூன் வரைக்கும் நடவு, ஆகஸ்ட் கடைசி செப்டம்பர்ல அறுப்பு. அதோட அந்த வயலு அடுத்த மே வரைக்கும் சும்மா கிடக்கும். வர்ற நெல்லு வீட்டுக்கு சாப்பாட்டுக்கு ஆனாலே பெருசு, விக்கறதுக்கு மிஞ்சாது. அப்ப உப்பு, மருந்து, பள்ளிக்கூடம், போன் ரீசார்ஜுக்கெல்லாம் காசு எங்கிருந்து வரும்? முன்ன அபின் பயிர் பண்ணிட்டு இருந்தாங்க, 1990கள் தொடக்கத்துல அரசாங்கம் அத நிறுத்திருச்சு. அப்புறம் காட்டு நிழல்ல கருப்பு ஏலக்காய் போட்டாங்க, அதுவும் பனி விழுந்தா கருகிப் போகுது. மிச்சம் இருக்கறது துணியும் சுற்றுலாவும். அதனால வயல் அழகு, ஆனா விக்க வர்ற பொம்பளை தொல்லைன்னு பிரிச்சு பேசறது எனக்கு ஒட்டல, ஒரே வீட்டு வரவு செலவுதான் ரெண்டும்.

வயல பத்தியும் ரெண்டு வார்த்தை, யாரும் சொல்லல. நம்ம ஊர்ல வரப்புங்கறது என் வயல், உன் வயல்னு பிரிக்கறதுக்கு, தண்ணிய நிறுத்தறதுக்கு. அங்க வரப்புதான் மலையவே புடிச்சிட்டு நிக்குது. சில இடத்துல வயலு ரெண்டு முழ அகலம் கூட இல்ல, எருமை திரும்பறதுக்கே இடம் பத்தாது, மம்பட்டியால கொத்தறாங்க. மேல மலை உச்சிப் பக்கம் காட்ட வெட்டாம விட்டு வச்சிருக்காங்க, அங்கிருந்துதான் ஊத்து. வாய்க்கால் வெட்டி, பிளந்த மூங்கில் வழியா கொண்டாந்து முதல் மேல் வயலுக்கு விடறாங்க, அது ரொம்பினதும் வரப்புல வெட்டி வச்ச மடை வழியா அடுத்த படிக்கு இறங்குது, அப்படியே அடிவாரம் வரைக்கும். மேல ஒருத்தன் மடைய அடைச்சா கீழ அத்தனை பேருக்கும் காயும், அதனால ஊரே ஒத்துப்போனாத்தான் விவசாயம். நடவுக்கும் கூலி ஆள் கிடையாது பெரும்பாலும், இன்னிக்கு உன் வயல் நாளைக்கு என் வயல்னு மாத்தி மாத்தி போறாங்க. தயவு செஞ்சு யாரும் போட்டோவுக்காக வரப்பு ஓரத்த மிதிச்சு உடைக்காதீங்க. ஈரத்துல ஒரு அடி சரிஞ்சாலும் கீழ மூணு படி நாசம்.

வழிப்போக்கன்
வயக்காடு அண்ணே, இதத்தான் தேடிட்டு இருந்தேன். அப்ப செப்டம்பர் ரெண்டாவது வாரம்னா பச்சையா மஞ்சளா?

வயக்காடு
மஞ்ச. கீழ் வயல் முதல்ல பழுக்கும், மேல குளிர் ஜாஸ்தி, லேட்டாகும். நீங்க போற நேரம் சிலது அறுத்து தாளா இருக்கும், சிலது தலை சாய்ஞ்சு நிக்கும். ஒரு பெரிய மரத் தொட்டிய வயலுக்குள்ளயே இழுத்துட்டு வந்து அதுல கதிர அடிப்பாங்க, இல்லன்னா சின்ன மோட்டார் மிஷின். களத்துக்குத் தூக்கிட்டுப் போற பேச்சே இல்ல, அந்த ஏத்தத்துல எப்படி தூக்கறது. நெல்ல மட்டும் மூட்டை கட்டி முதுகுல கொண்டு போறாங்க. தண்ணி கண்ணாடி மாதிரி நிக்கற போட்டோ பாத்துட்டு போறவங்க மே ஜூன்ல போகணும், ஜூலை ஆகஸ்ட் சுத்தப் பச்சை. டிசம்பர் ஜனவரில போனா வெறும் சேறும் மூடுபனியும்தான்.

காடோடி
மு காங் சாய் பத்தி சுள்ளான் சொன்னாரே, அதுவும் ஹ்மாங் பூமிதான், வயலுன்னு மட்டும் பாத்தா சாபாவ தூக்கி சாப்பிட்டுரும். லா பான் டான் உள்ளிட்ட மூணு ஊரு படிவயலுக்கு 2007லயே தேசிய பாரம்பரிய இடம்னு அந்தஸ்து குடுத்துட்டாங்க. ஆனா ரெண்டு நைட் மட்டும் கையில வச்சுக்கிட்டு, குழந்தையோட, அந்த வளைவுப் பாதையில ஏழு மணி நேரத்துக்கு மேல வண்டில போய் வர்றது எனக்கு சரியா படல. மலை அடிவாரத்துல இருக்கற லாவ் காய் டவுன் வரைக்கும் 2014ல எக்ஸ்பிரஸ்வே வந்ததுக்கு அப்புறம் ஹனோய்ல இருந்து சாபாவுக்கு பஸ்ல அஞ்சாறு மணி நேரம்தான். பழைய மாதிரி ராத்திரி ரயில்னா லாவ் காய் வரைக்கும் எட்டு மணி நேரம், அப்புறம் மலை மேல ஒரு மணி நேரம். உங்க பொண்ணுக்கு ரயில்தான் பிடிக்கும்னு நினைக்கறேன்.

பனங்கிழங்கு
நான் டொரன்டோவில இருந்து போனனான், செப்டம்பர் தொடக்கம். பிள்ளையளோட போறதெண்டா மழையைப் பற்றி யோசியுங்கோ. வெயிலில நல்ல பாதை, மழை பெய்தால் அதே பாதை சவர்க்காரம். என்ர நல்ல விலை சப்பாத்து ஒண்டுக்கும் உதவேல்ல, அங்க ரப்பர் பூட்ஸ் வாடகைக்கு குடுக்கினம், அதைப் போட்டுக்கொண்டு மூங்கில் தடி ஒண்டையும் பிடிச்சுக்கொண்டு நடவுங்கோ. எங்களோட வந்த ஹ்மாங் அன்ரி பிளாஸ்டிக் செருப்போட, முதுகில கூடையோட, ஒரு கையால நூல் முறுக்கிக்கொண்டே இறங்கினவ. எனக்கு வெட்கமாப் போச்சு.

இன்னொண்டு, 2024 செப்டம்பர் யாகி சூறாவளியை மறக்க வேண்டாம். லாவ் காய் மாகாணத்தில லாங் நு எண்ட ஒரு கிராமத்தையே சேற்று வெள்ளம் கொண்டு போட்டுது, சாபாவிலயும் மண்சரிவில ஆக்கள் செத்தவை. அந்த மாசத்தில சூறாவளி அறிவிப்பு வந்தால் காசு போனாலும் பரவாயில்லை எண்டு ஹனோயிலயே நிண்டு விடுங்கோ. ஊர் கைடு போக வேண்டாம் எண்டு சொன்னால் அதுக்கு மேல கதைக்க வேண்டாம்.

ஸ்க்ரோல்மன்னன்
ஒரு டவுட், இந்த ஹ்மாங்கும் அமெரிக்காவுல மினசோட்டால இருக்கற ஹ்மாங்கும் ஒண்ணா? அப்புறம் சாபாவுல சனிக்கிழமை லவ் மார்க்கெட்னு சொல்றாங்களே அது நிஜமா 😄

காடோடி
ஒரே இனம்தான். மினசோட்டாக்காரங்க பெரும்பாலும் லாவோஸ்ல இருந்து போனவங்க, வியட்நாம் போர்ல அமெரிக்கா பக்கம் நின்னு சண்டை போட்டாங்க, 1975க்கு அப்புறம் தாய்லாந்து முகாமுக்கு ஓடி அங்கிருந்து போனாங்க. எல்லாருக்கும் மூலம் தெற்கு சீனா. வியட்நாம்ல 2019 கணக்குப்படி கிட்டத்தட்ட 14 லட்சம் பேர் இருக்காங்க. கருப்பு, வெள்ளை, பூ ஹ்மாங்னு பிரிவுகள், பொம்பளைங்க டிரஸ்ஸ வச்சே சொல்லிரலாம். கலர் கலரா பாக்கணும்னா ஞாயித்துக்கிழமை பாக் ஹா சந்தைக்கு போங்க, பூ ஹ்மாங் அங்க.

லவ் மார்க்கெட் முன்ன நிஜமா இருந்துச்சு, தூரத்து ஊர்ப் பசங்க சந்தைக்கு முந்தின ராத்திரி வந்து தங்கி பாட்டு பாடி பேசிப் பழகறது. டூரிஸ்ட் டார்ச் அடிச்சு பாக்க ஆரம்பிச்சதும் அவங்க வர்றத நிறுத்திட்டாங்க. இப்ப இருக்கறது மேடை நிகழ்ச்சி. கைடு பொண்ணுங்க கிட்ட போய் உன்ன தூக்கிட்டுப் போய் கல்யாணம் பண்ணாங்களான்னு கேக்கற ஆளுங்க இருக்காங்க, தயவு செஞ்சு கேக்காதீங்க. சில பேருக்கு அது நிஜமா நடந்திருக்கு, உங்களுக்கு கதை சொல்றதுக்காக அவங்க வரல.

தறிநாடா
துணி வாங்கறதப் பத்தி யாரும் எழுதல, நம்ம பொழப்பே அதுதானுங்க, அதனால சொல்றேன். டவுன் கடையில தொங்கற பை, குஷன் உறை பாதிக்கு மேல மிஷின் பிரிண்ட், சீன எல்லையில இருந்து வர்ற சரக்கு. நிஜமானது எப்படி கண்டுபிடிக்கறதுன்னா, முதல்ல நெய்யற நாரு, கஞ்சா குடும்பத்து ஹெம்ப் செடியில உரிச்சது, தொட்டா சொரசொரன்னு கொஞ்சம் விறைப்பா இருக்கும். அவங்க அந்த நார ஒண்ணோட ஒண்ணு முறுக்கிச் சேக்கறதுதான் நடக்கும்போதும் கை சும்மா இல்லாம பண்றது, பனங்கிழங்கு பாத்தது அதுதான். அப்புறம் தேன்மெழுக உருக்கி சின்ன செம்புப் பேனாவால கோடு கோடா வரைவாங்க, அத அவுரித் தொட்டியில முக்கி முக்கி எடுத்து காயப்போட்டு, மறுபடி முக்கி, இப்படி நாள் கணக்குல போகும். கடைசியில கொதி தண்ணில போட்டா மெழுகு போய் வெள்ளைக் கோடு தெரியும். துணியத் திருப்பி பாருங்க, பின்பக்கமும் டிசைன் ஓரளவு தெரிஞ்சா கை வேலை, பின்னாடி வெளுத்து வெறுமனே இருந்தா பிரிண்ட்டுங்க. ஈர விரலால தேய்ச்சா நீலம் ஒட்டும், அது குறை இல்ல, முதல் சில தடவை சாயம் போகும், மத்த துணியோட ஊற வச்சிராதீங்க. அந்த ஊர்ப் பெரியம்மாக்கள் கைய பாருங்க, மணிக்கட்டு வரைக்கும் நீலமா இருக்கும். அப்படிக் கை இருக்கறவங்க கிட்ட வாங்குங்க, பேரம் பேசுங்க, ஆனா பாதிக்குப் பாதி அடிக்காதீங்க.

குழந்தைங்க விக்க வந்தா மட்டும் வாங்க வேண்டாமுங்க, மிட்டாய், காசும் குடுக்க வேண்டாம். அங்க நிர்வாகமே அத வேண்டாங்குது. ரோட்ல சம்பாதிக்கற பிள்ளைய பள்ளிக்கூடத்துக்கு யாரு அனுப்புவாங்க.

சுள்ளான்
தறிநாடா அண்ணாத்த, நான் டவுன்ல வாங்கினு வந்த டேபிள் துணிய இப்ப திருப்பி பாத்தேன். பின்னாடி பூரா வெள்ளை. 😑

வழிப்போக்கன்
😂😂 சரி, சாப்பாடு பத்தி யாராச்சும்?

செங்கமலம்
ட்ரெக்ல மதிய சாப்பாடு பொதுவா சோறு, தக்காளி போட்ட டோஃபு, கீரை வதக்கல், முட்டை, பன்னிக்கறி, எல்லாத்தையும் நடுவுல வச்சு பகிர்ந்து சாப்பிடறது. ரெண்டு விஷயம் முன்னாடியே சொல்லணும், ஒண்ணு மீன் சாஸ், இன்னொண்ணு பன்னிக் கொழுப்பு. கறி வேணாம்னு மட்டும் சொன்னா கீரைய பன்னிக் கொழுப்புல வதக்கி சைவம்னு வைப்பாங்க, அவங்க மேல தப்பில்ல, மலைக்குளிர்ல அதான் அவங்க எண்ணெய். முதல் நாளே கைடு கிட்ட தாவர எண்ணெய், உப்பு, முட்டையும் வேணாம்னு சொல்லிருங்க, செஞ்சு குடுப்பாங்க. ஒரு சந்தோஷ சமாச்சாரம், சாபா முழுக்க சௌ சௌ பந்தல்! நம்ம பெங்களூர் கத்திரிக்காய்தான், காயும் சாப்பிடறாங்க, அதோட தளிர பூண்டு போட்டு வதக்கறாங்க பாருங்க, உங்க வீட்டம்மா ஊருக்கு வந்து செய்வாங்க. ஊறுகாய் பாக்கெட்டும் பொடியும் எடுத்துட்டுப் போறது உங்க இஷ்டம், நான் எடுத்துட்டுத்தான் போவேன். சோள சாராயம் ஊத்தி நீட்டுவாங்க, வேணாம்னா கைய குறுக்க வச்சு சிரிச்சா போதும்.

காடோடி
கடைசியா காசு விஷயம், இது இல்லாம மத்ததெல்லாம் பேசி பிரயோஜனம் இல்ல. டவுன்ல ஓட்டல், ஏஜென்சி பெரும்பாலும் கீழ் நாட்டு கின் மக்கள் (வியட்நாம்ல பெரும்பான்மை இனம்), ஹனோய் முதலாளிங்க. அங்க புக் பண்ணா நீங்க குடுக்கறதுல கைடுக்கு ஒரு பங்குதான் போகும், கூட்டமும் பத்து பதினஞ்சு பேரா சேத்து விடுவாங்க. ஹ்மாங் பொம்பளைங்களே சேர்ந்து நடத்தற குழுக்கள் இருக்கு, டா வான், லாவ் சாய் ஹோம்ஸ்டேக்காரங்களும் நேரா கைடு ஏற்பாடு பண்ணுவாங்க. 2017 சுற்றுலாச் சட்டத்துல உள்ளூர் இடத்துக்கு மட்டும் வழிகாட்டற ஆளுக்குத் தனி அட்டை இருக்கு, அது இருக்கான்னு கேட்டுக்கோங்க. என் யோசனை, ரெண்டு நைட்டும் டவுன்ல தங்காம ஒரு நைட்ட டா வான்ல போடுங்க. பெரிய பைய டவுன் ஓட்டல்லயே விட்டுட்டு சின்ன பையோட இறங்குங்க, திரும்ப வேன்ல ஓடற அவசரம் இல்ல, மறுநாள் காலையில ஜாங் டா சாய் பக்கம் மூங்கில் காடு, அருவி வரைக்கும் கூட்டம் வர்றதுக்குள்ள போய்ட்டு வந்துரலாம். சில்லறை டாங் நோட்டு வச்சுக்கோங்க, ஊருக்குள்ள கார்டு எதிர்பாக்காதீங்க.

போற வழியில வயலுக்கு நடுவுல கோடு கோடா செதுக்கின பாறைங்க கிடக்கும், 1925ல கோலுபேவ்ங்கற ஆய்வாளர் உலகத்துக்கு சொன்னது. யாரு செதுக்கினாங்கன்னு இன்னும் சண்டை. கைடு அவசரத்துல தாண்டிப் போய்ருவாங்க, நிறுத்தச் சொல்லி பாருங்க.

வழிப்போக்கன்
ரொம்ப நன்றி எல்லாருக்கும். முடிவு பண்ணிட்டேன், போகும்போது ராத்திரி ரயில், ஒரு நைட் டவுன், ஒரு நைட் டா வான், பொம்பளைங்க குழு கிட்ட இருந்து ஒரு கைடு, எங்க மூணு பேருக்கு மட்டும். கேபிள் கார் வேணாம்னுதான் இருந்தேன், பொண்ணு ஆறு கிலோமீட்டர் நீளமாமேன்னு கேட்டுட்டு அடம் பிடிக்கறா. கடைசி கேள்வி, அந்த ரப்பர் பூட்ஸ் சின்னப் பிள்ளைங்க சைஸ்ல கிடைக்குமா?

பனங்கிழங்கு
கிடைக்கும், ஆனா கொஞ்சம் பெரிசா இருக்கும். மொத்தமான காலுறை ரெண்டு சோடி கொண்டு போங்கோ.

சுள்ளான்
கேபிள் காருக்கு வானம் க்ளியரா இருக்கான்னு பாத்துட்டு காலைல டிக்கெட் வாங்குங்க, முன்னாடியே புக் பண்ணாதீங்க. மேல போயி வெள்ளைச் சுவத்த பாத்துட்டு வந்தவன் சொல்றேன்.